சுண்ணாம்பு காயும்வரை

உ

ரோவில், மெல்பேர்ண்
23.7.78

அன்பு மகள் கிரிஜாவுக்கு அம்மா எழுதிக்கொள்வது,

இங்கே நாங்கள் இரண்டு பேரும் உயிரோடும் நல்ல பசியோடும் இருக்கிறோம், நீயும் அங்கே அப்படியே இருக்கப் பிள்ளையாரை வேண்டிக்கொள்கிறேன். பிரான்சில் இப்போது வெயில் என்று எழுதியிருந்தாய், எங்கள் பங்கையும் சேர்த்து நீயே காய்ந்துகொள், இங்கே கொடியில் போட்ட துணி போட்டபடியே தூங்குகிறது. என் எழுத்தைக் கண்டதும் உனக்கு நெஞ்சு திக்கென்றிருக்கும். எப்போதும் அப்பா முத்து முத்தாய் எழுதி முடித்து ஓரத்தில் மிஞ்சின இடத்தை எனக்கு விடுவார், நானும் நேரத்துக்குச் சாப்பிடு, தலைக்கு எண்ணெய் வை என்று இரண்டு வரி போட்டுத் தப்பிவிடுவேன். இந்த முறை முழுவதும் என் கோழிக் கிளறல்தான். ஐந்தாம் வகுப்போடு என் படிப்பு போதும் என்று சொன்ன பெரியவர்கள் எல்லாரும் வந்து இதை எழுதித் தரட்டும் பார்ப்போம். முதலில் பயத்தை விடு. அப்பா எனக்கு எதிரே கதிரையில் இருக்கிறார், நான் எழுத்துக் கூட்டுவதைப் பார்த்துச் சிரிக்கிறார். வலது கை முறிந்து மாவுக்கட்டுப் போட்டிருக்கிறது, அவ்வளவுதான். அவ்வளவுதான் என்று எழுதிவிட்டேன், ஆனால் அது அவ்வளவு சின்னக் கதை இல்லை. நீ வாசித்த உடனே பெட்டியைக் கட்டாதே. படிப்பை விட்டுவிட்டு வந்துவிடவா என்று நீ கேட்ட கடிதமும் வந்து சேர்ந்தது, அதற்கான பதிலும் இதற்குள்தான் இருக்கிறது, அதனால் கடைசி வரைக்கும் வாசி.

பின்பக்க விறாந்தையை ஒட்டி ஒரு சின்னச் சாமி அறையை மட்டும் தன் கையால் கட்டுவேன் என்று அப்பா போன வருஷத்திலிருந்து சொல்லிக்கொண்டிருந்தது உனக்குத் தெரியும். நான் கேட்டது நாலு சுவரும் ஒரு கதவும். நீ ஒரு படம் அனுப்பினாயே, நீ ஆராய்ச்சி செய்கிற அந்தப் பெரிய மாதா கோயிலின் வாசல், இரண்டு கையையும் கூப்பினது போல மேலே கூர்ந்து நிற்கிறது, அதைப் பார்த்த நாளிலிருந்து இந்த மனுஷனுக்கு வேறு வாசல் கண்ணில் படவில்லை. வாசலே கும்பிடுகிறது, சாமி அறைக்கு இதைவிட என்ன வேண்டும் என்றார். அதற்குப் பிறகு உன் கடிதங்கள் எனக்குக் கடிதமாக வரவில்லை, பாடமாகத்தான் வந்தன. சாப்பாடு முடிந்ததும் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசிப்பார், நான் பாத்திரம் கழுவிக்கொண்டு கேட்பேன். எழுநூறு வருஷத்துக்கு முந்தி அந்தக் கோயிலைக் கட்டின உன் மேசனை எனக்கு இப்போது என் மச்சான்மாரை விட நன்றாகத் தெரியும். வளைவு கட்டும்போது அடியில் மரத்தால் ஒரு சட்டம் செய்து நிறுத்தி, அதன் மேலேதான் கல்லை அடுக்குவார்கள், சுண்ணாம்புச் சாந்து இறுகும்வரை அந்த மரம்தான் பாரத்தைத் தாங்கும் என்று எழுதியிருந்தாய். மாரி தொடங்கினால் வேலையை நிறுத்தி, கட்டின சுவரின் தலையில் வைக்கோலும் சாணியும் போட்டு மூடிவிட்டுப் போய்விடுவார்கள் என்றும் எழுதியிருந்தாய். வெள்ளைக்காரனும் சாணி பூசினான் என்று கேட்டதில் அப்பாவுக்கு வந்த சந்தோஷம் கொஞ்சமில்லை. எதிர்ப் பக்கத்துக் காணியில் மாடு நிற்கிறதுதானே, போய் அள்ளிக்கொண்டு வாருங்கள் என்றேன். எனக்குப் பிடித்தது அந்தப் பாதிரியார் கதைதான். தலைமை மேசன்மார் கையுறை போட்டுக் கோலைப் பிடித்துக்கொண்டு இதிலே வெட்டு என்று வாயால் மட்டும் சொல்லிவிட்டு, வேலை செய்கிறவனை விடக் கூடக் கூலி வாங்குகிறார்கள் என்று பிரசங்கத்தில் திட்டினாராமே. அந்தக் கோயிலில் நான் இருந்திருந்தால் எழும்பிக் கைதட்டியிருப்பேன்.

மரச் சட்டத்தை அப்பா நன்றாகத்தான் செய்தார், அதில் குறை சொன்னால் என் வாய் வேகும். பக்கத்து வீட்டு இத்தாலிக்காரர் எட்டிப் பார்த்துவிட்டு சீமெந்தைப் போட்டு அலுவலை முடி என்று கையால் காட்டினார். அப்பா கேட்கவில்லை, உன் மேசன் சுண்ணாம்பு வைத்தாராம், அதனால் இவரும் சுண்ணாம்புதானாம். அந்த மனிதர் நெஞ்சில் சிலுவை போட்டுக்கொண்டு உள்ளே போய்விட்டார். கல்லுத் தூக்க டண்டினொங்கிலிருந்து கதிர்காமநாதன் அண்ணை இரண்டு சனிக்கிழமை வந்து போனார், அப்பாவோடு ஒரே பக்டரியில் வேலை செய்கிறவர், உனக்குத் தெரியும். வளைவு பூட்டி முடித்த அன்றைக்கு அப்பா அதன் முன்னால் நின்ற நிலையைப் பார்த்தால் பிரான்சுக்கே அவர்தான் மேசன். அப்போதுதான் சுன்னாகத்திலிருந்து பெரியப்பாவின் கடிதம் வந்தது. பால் பொங்கிப் புது அறைக்குள் குடிபூர வைகாசி கடைசியில்தான் நல்ல நாள், அதை விட்டால் ஆனி ஆடி இரண்டும் ஆகாது, முட்டுக் கொடுத்த வாசலால் சாமி படத்தைக் கொண்டுபோகக் கூடாது, அது குறை வேலை என்று எழுதியிருந்தார். அவருக்கு வைகாசி என்றால் சுன்னாகத்து வெயில், பிசைந்து வைத்த மண் பின்னேரத்துக்குள் கல்லாய்ப் போகிற வெயில். இங்கே வைகாசி என்றால் விடியப்புறம் புல்லெல்லாம் உப்புப் போட்டது போலக் கிடக்கிறது. பெரியப்பாவின் பஞ்சாங்கத்தில் மெல்பேர்ண் இல்லை. இது அப்பாவுக்குத் தெரியாதா என்றால் தெரியும். உன் கடிதம் ஒரு பக்கம், தன் அண்ணையின் கடிதம் ஒரு பக்கம், நடுவில் இவர் இரண்டு நாள் இரண்டையும் மாற்றி மாற்றி வாசித்தார். நான் சாந்தைத் தொட்டுப் பார்த்து, இன்னும் தயிர் போல இருக்கிறதே என்றேன். அண்ணை சொன்ன பிறகு என்ன செய்கிறது என்றார்.

அன்றைக்கு விடிய எல்லாரும் வந்துவிட்டார்கள். குசினியில் பால் பானை அடுப்பில், நான் புதுச் சேலையில், அப்பா வேட்டியில். பால் பொங்க முன்னம் வாசல் வெளியாக வேண்டும் என்று அப்பா சுத்தியலை எடுத்துக்கொண்டு போய் மரத்துக்கு அடியில் இறுக்கின ஆப்புகளைத் தட்டினார். முதல் ஆப்பு வந்தது. அடுத்ததும் வந்தது. பிறகு ஒரு சத்தம், லொறியிலிருந்து கல்லுக் கொட்டுகிறது போல. நான் ஓடிப் போகும்போது அவர் வெள்ளைத் தூசிக்குள் இருந்தார், தலையில் ஒன்றும் விழவில்லை, கையைத் தூக்கித் தடுத்ததால் கைதான் வாங்கியது. அதைப் பற்றி இதற்கு மேல் எழுதமாட்டேன் பிள்ளை. அவர் என்னைப் பார்த்து முதலில் கேட்டது சாமி படம் உடைந்ததா என்றுதான். உடையவில்லை, படம் குசினியில் பத்திரமாக இருந்தது. கதிர்காமநாதன் அண்ணை அம்புலன்சுக்குப் போன் பண்ணினார், ஒருவரும் அடுப்பைப் பார்க்கவில்லை, அந்த நேரம் பார்த்துப் பால் கிழக்குப் பக்கமாக வடிவாய்ப் பொங்கி வழிந்தது. பால் சரியான திசையில் பொங்கிவிட்டது என்று அவருடைய மனுஷி யோகராணி குசினிக்குள் இருந்து கத்திச் சொன்னா. அம்புலன்சில் ஏறும்போது அப்பா, பொங்கிச்சுதாம், பொங்கிச்சுதாம் என்று என்னிடம் சொல்லிக்கொண்டு போனார். குடிபூரல் அப்படி முடிந்தது. சமைத்ததை எல்லாரும் நின்றபடி சாப்பிட்டார்கள்.

உனக்கு உடனே அறிவிக்கவில்லை என்று கோபிக்காதே. கட்டு அவிழ்க்கும்வரை சொல்லவேண்டாம் என்று அப்பா பிடிவாதம், பிறகு கட்டை மாற்றிக் கட்டவேண்டி வந்தது, இன்னும் கனநாள் செல்லும் என்று டொக்டர் சொல்கிறார். எழும்பினால் சேட் போட்டுவிட வேண்டும், சவரம் செய்துவிட வேண்டும், சோற்றைக் குழைத்து வைக்க வேண்டும், நான் சவரம் செய்யும்போது மட்டும் எதிர்த்துப் பேசமாட்டார், அது ஒரு நிம்மதி. அதற்குப் பிறகு பஸ். பக்டரியில் நாள் முழுக்க நின்றபடி உடைந்த பிஸ்கட்டைப் பொறுக்கி ஒதுக்குகிறேன், வீட்டுக்கு வந்தால் இங்கேயும் உடைந்தது ஒன்று கதிரையில் இருக்கிறது. அங்கே என்றால் ஒதுக்கிப் போடலாம். பகிடியாகத்தான் எழுதுகிறேன், ஆனால் களைப்பு இருக்கிறது. பஸ்ஸால் இறங்கி வீட்டுக்கு நடக்கிற அந்தத் தூரத்தில் மேட்டில் ஒரு இடம் வரும், அதில் நின்று மூச்சு விட்டுத்தான் மிச்சத்தை நடக்கிறேன். சில நாள் அப்பா யன்னலால் என்னைப் பார்த்துவிட்டுக் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு நிற்பார். கையில் ஒரு பையை வாங்கக்கூட அவருக்கு முடியாது, சும்மா நிற்பார். அதைப் பார்க்கத்தான் எனக்கு இன்னும் களைப்பு.

இந்த நிலைமையில்தான் உன் கடிதம் வந்தது. உன் மேசன் கட்டினது என்று நீ நினைத்திருந்ததில் கீழ்ச் சுவர் மட்டும்தான் அவருடையது, மேலே முழுவதும் பிறகு வந்த ஒருவன் கட்டினது என்று உன் பேராசிரியர் சொல்கிறார், அரைச் சுவருக்கு யார் புத்தகம் எழுதுவார்கள், எனக்கு அலுத்துவிட்டது அம்மா, விட்டுவிட்டு வந்துவிடவா என்று எழுதியிருந்தாய். நான் எழுத்துக் கூட்டி முடிக்க முன்னம் அப்பா என் தோளுக்குப் பின்னால் நின்று முழுவதையும் வாசித்துவிட்டார். ஊரெல்லாம் என் மகள் பிரான்சில் மாதா கோயில் மேசனைப் பற்றிப் புத்தகம் எழுதுகிறாள் என்று சொல்லித் திரிந்த மனுஷன், கோபிப்பார் என்று நினைத்தேன். இடது கையால் அதை மடித்து வைத்தார். அடுத்த நாள் தேத்தண்ணீர் கொடுக்கும்போது, "அவளை வரச் சொல்லி எழுது, பவளம். எனக்கு ஏலாமல் கிடக்கு" என்றார். உங்களுக்கு முறிந்தது கை, வாய் இல்லையே என்றேன், சிரிக்கவில்லை. உன் அப்பா என் பகிடிக்குச் சிரிக்காத நாள் நான் கண்டதில்லை. அதுதான் நான் உடனே எழுதாமல் இவ்வளவு நாளும் யோசித்தேன். உண்மையைச் சொல்கிறேன், எனக்கும் நீ வரவேண்டும். நீ வந்தால் பஸ்ஸால் இறங்கும்போது பையை வாங்க ஆள் இருக்கும், சமைத்திருக்கும், அப்பா உன்னோடு கதைத்துக்கொண்டிருப்பார், நான் காலை நீட்டிக்கொண்டு இருப்பேன். நீ வந்தால் எனக்குச் சுகம். அதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது. இந்தச் சுகம் பழகிவிட்டால் திரும்பிப் போ என்று உன்னைச் சொல்ல எனக்கு மனம் வராது.

இப்போது உனக்கு ஒரு புதினம் சொல்கிறேன், சிரிக்கக் கூடாது. வளைவை நான் கட்டிவிட்டேன். இடிந்த வாசலைப் பார்த்துப் பார்த்து அப்பா சோறு சாப்பிடுகிறது எனக்குப் பொறுக்கவில்லை, ஒரு ஞாயிற்றுக்கிழமை சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, சொல்லுங்கோ எப்படிக் குழைக்கிறது என்று கேட்டேன். முதலில் விசரோ என்றார். பிறகு கதிரையை வெளியே போட்டு, குளிருக்கு இடது கையில் கையுறையும் மாட்டி, திரைச்சீலைக் கம்பியைப் பிடித்துக்கொண்டு, இதிலே வை, அதை எடு, கொஞ்சம் சரி என்று தொடங்கினார். பாதிரியார் திட்டின மேசன் சாட்சாத் என் வீட்டு முற்றத்தில் வந்து இருக்கிறார் என்றேன். அன்றைக்குத்தான் முதல் தரம் சிரித்தார், கட்டுப் போட்ட கையைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். மரச் சட்டத்துக்கு ஒன்றும் நடக்கவில்லை, கதிர்காமநாதன் அண்ணை வந்து அதைத் தூக்கி நிறுத்தி ஆப்பு இறுக்கித் தந்தார். இரண்டு பக்கமும் அடியில் அப்பா வைத்த கல்லு சில அப்படியே நின்றது, அதற்கு மேலே நான் வைத்தேன். ஞாயிற்றுக்கிழமைதான் ஏலும், கொஞ்சம் கொஞ்சமாகத்தான் ஏறியது, போன கிழமைதான் மேலே இரண்டு பக்கமும் சந்தித்தது. அப்பாவின் கல்லுக்கு இடையில் சாந்து நூல் பிடித்தது போல இருக்கிறது, என்னுடையது புட்டுக்குத் தேங்காய்ப்பூப் போட்டது போல, எங்கே தடிப்பு எங்கே மெல்லிசு என்று தெரியாது. எங்கே அவர் முடிந்தார், எங்கே நான் தொடங்கினேன் என்று குருடருக்கும் தெரியும். கல்லு வெட்டினவர்கள் தங்கள் தங்கள் அடையாளத்தைக் கல்லில் கீறி வைப்பார்கள் என்று நீ எழுதியிருந்தாய்தானே, நானும் உச்சிக்குப் பக்கத்தில் ஈரச் சாந்தில் கொண்டை ஊசியால் என் பேருக்கு ஒரு ப போட்டேன். பிற்காலத்தில் உன்னைப் போல ஒரு பெட்டை வந்து இதை யார் கட்டினது என்று பேராசிரியரோடு சண்டை பிடிக்க வேண்டாம். அப்பா அதைக் கண்டுவிட்டு, அப்ப என்ரை அடையாளம் எங்கை என்று கேட்டார். உங்கடை எக்ஸ்ரேயில கிடக்கு என்றேன்.

உன் படிப்பு எனக்கு விளங்காது பிள்ளை, புத்தி சொல்ல நான் வரவில்லை. ஆனால் ஒன்று, அப்பா வைத்தது இரண்டு பக்கமும் நாலைந்து கல்லுத்தான், அதன் மேல்தான் என் வளைவு முழுக்க இருக்கிறது. உன் மேசன் அரைச் சுவரோடு போய்விட்டார் என்றால் அந்த அரைச் சுவரை எழுதேன். யாருக்குப் பிடிக்கும் பிடிக்காது என்று அவர் பார்த்திருப்பாரா. அந்த மனிதரையே உனக்கு வெறுத்துவிட்டது என்றால் அது வேறு, அப்படியென்றால் விட்டுவிட்டு வா, ஒருவரும் ஒரு சொல் சொல்லமாட்டோம், சொன்னால் நான் பார்த்துக்கொள்கிறேன். ஆனால் அப்பாவின் கைக்காக வராதே, என் காலுக்காகவும் வராதே. உனக்கு அலுப்பு வந்த நேரமும் இவருக்குக் கை முறிந்த நேரமும் ஒன்றாக வந்துவிட்டது, அதைப் பிடித்துக்கொண்டு நீ வந்தால், பெரியப்பாவின் நாளுக்கு மரத்தை எடுத்த கதைதான். பெரியப்பா இப்போது ஆவணியில் ஒரு நாள் வைத்து எழுதியிருக்கிறார். அப்பா இன்னும் பதில் போடவில்லை, கடிதத்தை எடுத்து எடுத்துப் பார்க்கிறார். நான் சொல்லிவிட்டேன், இந்த முறை மரத்தில் ஒருவரும் கை வைக்கக் கூடாது, பஞ்சாங்கம் சொன்னாலும் கூடாது. குசினியில் இருந்த சாமி இப்போது உள்ளேதான் இருக்கிறார், நாங்கள் குனிந்து முட்டுக்கு அடியால் புகுந்து போய் விளக்கு வைக்கிறோம், தினமும் தலையை இடித்துக்கொண்டு வருகிறேன், பிள்ளையாருக்குக் குட்டிக் கும்பிடுகிற வேலை மிச்சம். குனிந்து குனிந்து போய்க்கொண்டிருப்போம். நீ உன் அலுவலை ஒப்பேற்றிவிட்டு ஆறுதலாய் வந்து உன் கையால் ஆப்பைத் தட்டு, நான் தள்ளி நின்று பார்க்கிறேன்.

வேறு என்ன, உன் பழைய கம்பளிச் சட்டையை நான்தான் பக்டரிக்குப் போடுகிறேன், முழங்கையில் கிழிந்துவிட்டது, கேட்காதே. மல்லித்தூளும் மிளகாய்த்தூளும் அனுப்பினேன், கிடைத்ததோ என்று எழுது. உயரத்தில் சாரம் கட்டி ஏறிப் பார்க்கிறேன் என்று எழுதியிருந்தாய், ஒரு வீட்டுக்கு ஒரு மாவுக்கட்டுப் போதும், இறுகப் பிடித்து ஏறு. தலைக்கு எண்ணெய் வை. பிள்ளையார் உன்னை எந்த ஆபத்துமில்லாமல் காத்து, எடுத்த காரியத்தை முடிக்க வைத்து, எங்கள் கண்ணில் கொண்டுவந்து காட்டட்டும். அங்கே நீ போகிற மாதா கோயிலில் எங்களுக்கும் சேர்த்து ஒரு மெழுகுதிரி கொளுத்து, சாமிமாருக்குள் சண்டை இல்லை.

கீழே அப்பாவுக்கு இரண்டு வரி இடம் விட்டிருக்கிறேன். இடது கையால் எழுதுவாராம், என்ன எழுதுகிறார் என்று எனக்குக் காட்டமாட்டாராம், நான் நாக்கால் நனைத்து ஒட்டினால் மட்டும் போதுமாம். வா என்று எழுதியிருந்தால் அதை நம்பாதே, இடது கை எழுத்துச் செல்லாது.

என்றும் உன் நினைவாக,
அம்மா பவளம்

மகள், சுண்ணாம்பு மாரியில் வைத்தால் அந்த மேசன்மார் மரத்தை எப்போது எடுப்பார்கள் என்று அங்கே பார்த்து எழுது. நீ எழுதும்வரை தொடமாட்டேன். ஆவணி சரிவராது என்று பெரியப்பாவுக்கு நான் அறிவிக்கிறேன். அப்பா.